திருகோணமலையில் இருந்துகொண்டு சுயாதீனப் பட ஒளிப்பதிவாளராக முடியுமா?

உப்புவெளி அக்கா:
என் தங்கை மகன் ஏ.எல். முடித்தபிறகு கலியாண வீடு, சாமத்திய வீடு என்று வீடியோ எடுக்கிறான். கை நிறைய உழைப்பு. இப்போது அதை விட்டுவிட்டு, பெரிய கம்பனிகள் இல்லாமல் சின்னச் செலவில் எடுக்கும் சுயாதீனப் படங்களுக்கு மட்டும் ஒளிப்பதிவு செய்யப் போகிறேன் என்கிறான். வீட்டில் தினமும் சண்டை. துறையில் இருப்பவர்கள் சொல்லுங்கள்.

நிலாவெளியான்:
விடட்டும் அக்கா. கலியாண வீடியோ கண்ணைக் கெடுத்துவிடும். எல்லா முகத்திலும் ஒரே வெளிச்சம் வேண்டும், மணப்பெண் முகத்தில் நிழல் விழுந்தால் வீட்டுக்காரருக்குக் கோபம் வரும். அப்படியே பழகியவனுக்கு இருட்டைக் கண்டால் பயம். இங்கேயே இருந்தும் பயனில்லை. பாலு மகேந்திரா மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்தவர். ஒளிப்பதிவு படித்தது புனேயில், முதல் படமான 'நெல்லு' (1974) எடுத்தது கேரளத்தில்.

கிண்ணியா நானா:
தம்பி, உழைப்பை விடச் சொல்வது சுலபம். சுயாதீனப் படத்தில் ஒளிப்பதிவாளருக்குச் சம்பளம் கிடைப்பதே அபூர்வம். "படம் விற்றால் தருகிறேன்" என்பார்கள், பல நேரம் சொந்தக் கமராவையும் லென்ஸையும் கொண்டுபோக வேண்டியிருக்கும். அந்த லென்ஸ் வாங்கிய காசு எந்த மண்டபத்தில் இருந்து வந்தது?

கண் கெடும் என்பதையும் நான் ஏற்கவில்லை. தாலி கட்டும்போது இன்னொரு டேக் கேட்க முடியாது. ஆள் நகரும்போது படம் மங்காமல் ஃபோகஸ் இழுக்க உதவியாள் இல்லை. மண்டபத்து மஞ்சள் பல்பில் இருந்து வாசல் வெயிலுக்கு ஒரே ஓட்டத்தில் வரவேண்டும். சின்ன பட்ஜெட் படத்திலும் அதே நிலைமைதான். வங்காள ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா 21 வயதில் இயக்குநர் சத்யஜித் ராயின் முதல் படத்துக்குப் போனபோது, அதற்கு முன் சினிமாக் கமராவையே இயக்கியதில்லை. அடுத்த படமான 'அபராஜிதோ'வுக்கு (1956) காசி வீட்டு முற்றத்தை செட்டாகப் போட்டார்கள். மேலே வெள்ளைத் துணியைக் கட்டி, கீழிருந்து லைட்டை அதன்மேல் அடித்துத் திருப்பினார். நிழல் மெதுவாக விழுந்து பகல் வெளிச்சம் போலவே வந்தது. விலை கூடிய சாமான் எதுவும் அதற்குத் தேவைப்படவில்லை. முற்றத்தில் வெளிச்சம் எப்படி இறங்கும் என்று பார்த்துப் பழகிய கண் தேவைப்பட்டது.

நம் ஊரில் சூரியன் கடலில் இருந்து நேராக மேலே ஏறிவிடும். மென்மையான வெளிச்சம் கொஞ்ச நேரம்தான், ஏழரைக்கே வெயில் முகத்தில் அடிக்கும். நிலாவெளியில் கரைவலை இழுப்பதை எடுக்க வெளியூர்க்காரர் வந்தால் முதல் நாள் அந்த வெளிச்சத்தைப் புரிந்துகொள்வதிலேயே போய்விடும். இங்கே வளர்ந்த பிள்ளைக்கு அது தெரியும்.

நிலாவெளியான்:
நானா, மித்ராவுக்குப் பக்கத்தில் ராய் இருந்தார். இவனுக்கு யார்? கலியாணத்தில் நடப்பதை எடுக்கிறோம். படத்தில், ஒரு தாய் மகனிடம் பொய் சொல்லும்போது யன்னலுக்குப் பக்கத்தில் நிற்பதா, தள்ளி நிற்பதா என்று முடிவெடுக்க வேண்டும். திரைக்கதை வாசிக்காமல் அது வராது. டிரோன் காட்சியும் ஸ்லோமோஷனும் நிறைந்த ரீலை, அதாவது செய்த வேலைகளின் மாதிரித் தொகுப்பைப் பார்த்து எந்த இயக்குநரும் கூப்பிட மாட்டார்.

தம்பலகாமம் பிள்ளை:
நானும் கமரா உதவியாளராக வேலை செய்கிறேன். ரீல் விஷயத்தில் நிலாவெளியான் அண்ணா சொல்வது சரி. ஆனால் அதற்குத் தொழிலை விடவேண்டியதில்லை. ஆடியிலும் மார்கழியிலும் நம்மவர் கலியாணம் வைப்பதில்லை. மார்கழியில் இங்கே மழை. ஆடியில் வானம் தெளிவு, கடலும் அமைதி. அந்த மாதம் முழுக்கக் குறும்படத்துக்கு ஒதுக்கலாம். 2015இல் கான் திரைப்பட விழாவின் உயர்ந்த விருதான தங்கப்பனையை வாங்கிய பிரெஞ்சுப் படம் 'தீபன்', நம் மக்களின் கதை. அதை ஒளிப்பதிவு செய்த எபோனின் மொமான்சோவுக்கு அதுதான் முதல் முழுநீளப் படம். முதல் வாய்ப்பு வரும்போது காட்டுவதற்குக் கையில் ஏதாவது இருக்கவேண்டும்.

நிலாவெளியான்:
ஆடிக்குச் சம்மதம். ஆனால் கொழும்பிலோ சென்னையிலோ நல்ல ஒளிப்பதிவாளர் ஒருவரிடம் கொஞ்சக் காலமாவது உதவியாளராக நிற்கவேண்டும் என்பதில் நான் மாறமாட்டேன்.

உப்புவெளி அக்கா:
எல்லாவற்றையும் மகனுக்கு வாசித்துக் காட்டினேன். சென்னை வேண்டாம் என்கிறான், ஆடிக்குச் சரி என்கிறான். கரைவலை வைத்திருக்கும் முதலாளியான சம்மாட்டி ஒருவரிடம் அனுமதி கேட்கப் போகிறானாம். திருமலையில் லைட் வாடகைக்குத் தருபவர்கள் இருந்தால் தனிமடலில் சொல்லுங்கள்.