ஊசியை விட்டால் பாட்டு வருமா?

எங்கள் பங்க் (வேகமான, முரட்டு ராக் இசை) குழுவில் நான் டிரம்ஸ். கிதார் வாசித்துப் பாடுகிறவன் ஹெராயினில் விழுந்து, எழுந்து, மறுபடி விழுந்து, இப்போது மூன்றாவது வருடமாகத் தொடாமல் இருக்கிறான். எழுதட்டுமா என்று கேட்டேன். "பேரை மட்டும் விட்டுடு, மத்ததெல்லாம் எழுது" என்றான்.

மறுவாழ்வு மையத்துக்குப் போக அவன் ரொம்ப நாள் தயங்கினான். உடம்பு முறுக்கும், வாந்தி வரும், தூக்கம் போய்விடும் என்பதெல்லாம் அவனுக்குப் பழகியவை. "இதை விட்டா பாட்டு வராதுடா" என்றுதான் பயந்தான். அந்தப் பயம் எங்களுக்கும் இருந்தது. அவன் நன்றாக வாசித்த இரவுகளில் நாங்கள் யாரும் அவன் கண்ணைப் பார்க்க மாட்டோம். இதை ஒத்துக்கொள்ள எனக்கு வருடங்கள் ஆயின.

பிரிட்டிஷ் பங்க் குழுவான செக்ஸ் பிஸ்டல்ஸின் சிட் விஷியஸ் படத்தைச் சுவரில் ஒட்டி வளர்ந்தவர்கள் நாங்கள். 1979 பிப்ரவரி 2 அன்று, 21 வயதில், அவர் ஹெராயினால் இறந்தார். சிறையில் போதை இல்லாமல் இருந்துவிட்டுப் பிணையில் வெளியே வந்த மறுநாள் அது. அந்த 'மறுநாள்' என்ன சொல்கிறது என்று எங்களுக்குப் புரியவில்லை. மையத்தின் ஆலோசகர்தான் விளக்கினார்: கொஞ்ச நாள் விட்டிருந்தாலே உடம்பின் தாங்கும் சக்தி இறங்கிவிடும், அதன்பிறகு பழைய அளவைப் போட்டால் மூச்சே நின்றுவிடும்.

அன்றிலிருந்து டிரம்ஸ் குச்சிப் பையில் நாலாக்ஸோன் ஸ்ப்ரே வைத்திருந்தேன், ஹெராயின் அளவு மீறி மூச்சு அடங்கினால் மீட்கிற மருந்து அது. மையத்திலிருந்து வந்த ஐந்தாவது மாதம் அது தேவைப்பட்டது. ஒத்திகை அறையின் கழிவறைக் கதவை உடைத்துப் போனால், சுவரில் சாய்ந்து கிடக்கிறான், உதடு நீலம் பாரித்திருக்கிறது. ஆம்புலன்ஸைக் கூப்பிடச் சொல்லிவிட்டு மூக்கில் ஒரு டோஸ் அடித்தேன். வாயோடு வாய் வைத்து ஊதினேன். அசைவில்லை. மூன்று நிமிடம் கழித்து இன்னொன்று. தண்ணீருக்கடியிலிருந்து வெளியே வருகிறவன் போல ஒரு மூச்சு இழுத்தான் பாருங்கள், அந்தச் சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. கண் விழித்ததும் என்னைக் கெட்ட வார்த்தையில் திட்டினான். அந்த மருந்து போதையைப் பிடுங்கி எறிந்துவிடும், அதனால் அப்படித்தான் கத்துவார்கள். எழுந்து போகப் பார்த்தவனை நான் விடவில்லை. மருந்தின் வேலை 30 முதல் 90 நிமிடத்தில் தீர்ந்துவிடும், ஹெராயின் அதற்குப் பிறகும் உள்ளே இருக்கலாம்.

அப்புறம் மருத்துவர் சொல்படி, ஹெராயின் ஏக்கத்தை அடக்கும் புப்ரெனார்ஃபின் மாத்திரையை ஆரம்பித்தான். "அதுவும் ஒரு போதைதானே" என்று சில நண்பர்கள் பேசினார்கள். எனக்கு அந்தப் பேச்சு கொஞ்சமும் பிடிக்கவில்லை. ஆள் உயிரோடு, சொன்ன நேரத்துக்கு ஒத்திகைக்கு வந்தான்.

பாட்டு மட்டும் வரவில்லை. எட்டு மாதம் ஒரு வரிகூட இல்லை. ஒருநாள் பழைய கைப்பேசியை எடுத்து வந்தான். "போதையில பாட்டு பொங்கி வந்த நாள்ல பதிஞ்சதெல்லாம் இதுல இருக்கு" என்றான். 43 பதிவுகள். முதலாவதில் கிதாரில் இரண்டே கார்டுகள் (சுரக்கூட்டுகள்), 11 நிமிடம். நடுவில் லைட்டர் தட்டும் சத்தம், பிறகு வெறும் மூச்சு. ஏழாவதில் அவனே நிறுத்திவிட்டான். எங்கள் நல்ல பாட்டுகள் எப்போது எழுதியவை என்று விரல் விட்டு எண்ணிப் பார்த்தோம். ஒன்பதில் ஆறு, அவன் ஊசியைத் தொடுவதற்கு முன்பே எழுதியது.

புப்ரெனார்ஃபின் மாத்திரையை நாக்குக்கடியில் வைத்தால் கரையும்வரை பேசக் கூடாது, விழுங்கவும் கூடாது. அந்தப் பத்து நிமிடமும் வாயை மூடிக்கொண்டு ஏதோ முனகுவான். ஒருநாள் நான் சும்மா தொடையில் தட்டி அதற்குத் தாளம் போட்டேன். அவன் முனகலை நிறுத்தாமலே கிதாரை எடுத்தான். எங்கள் அடுத்த பாட்டில் திரும்பத் திரும்ப வரும் கிதார் துணுக்கு, அந்த ரிஃப், அதுதான். பாட்டு மொத்தமே 1 நிமிடம் 20 விநாடி.

*

டிரம்ஸ் நண்பர் எழுதியதைப் படித்தேன். நான் மேடைகளில் ஒலி அமைப்பு பார்ப்பவள். பல இடங்களில் சின்னக் குழுக்களுக்குச் சம்பளமே பாதி பீர்தான். புதிதாகக் குடியை விட்ட ஒரு பாடகி "எங்களை முதலில் ஏத்திவிடுங்கக்கா, பாடிட்டுக் கிளம்பிடுறேன்" என்று தனியாக வந்து கேட்டார். வரிசையை மாற்றிக் கொடுத்தேன். அவர் பாடும்போது மைக் ஸ்டாண்டை இரண்டு கையாலும் பிடித்திருந்தார், அவ்வளவு நடுக்கம். குரலில் அது தெரியவே இல்லை.

*

நானும் போதையை விட்டவன்தான், ஆறு வருடம் ஆகிறது. பங்க் என்றாலே போதை என்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். குடி, போதை வேண்டாம் என்ற 'ஸ்ட்ரெய்ட் எட்ஜ்' வழக்கத்தின் பெயரே 1981-இல் வாஷிங்டனின் மைனர் த்ரெட் என்ற பங்க் குழுவிடமிருந்து வந்ததுதான். அமெரிக்க பங்க் குழுவான சோஷியல் டிஸ்டார்ஷனின் பாடகர் மைக் நெஸ் 1985-இல் ஹெராயினை விட்டார். அந்தக் குழுவின் ஆல்பங்களில் முதலாவதைத் தவிர மற்றதெல்லாம் அதற்குப் பிறகு வந்தவை. டிரம்ஸ் நண்பரே, ஸ்ப்ரே இன்னும் பையில் இருக்கிறதா?

*

இருக்கிறது. காலாவதி தேதியை அவன்தான் ஞாபகப்படுத்துவான். போன மாதம் புதிதாக வாங்கி வந்ததும் அவனே.