தாமஸ் மன்றோ: படைவீரர் எப்படிச் சென்னை ஆளுநரானார்?

கேள்வி:
1780-ல் காலாட்படைக் கேடட்டாகச் சென்னைக்கு வந்த மன்றோ, 1820-ல் அதே மாகாணத்தின் ஆளுநர். அந்தப் பதவிக்குப் பெரும்பாலும் இங்கிலாந்திலிருந்துதான் ஆள் அனுப்புவார்கள். இவரை மேலே கொண்டுபோனது போர்க்களமா? விவசாயியிடமே நேரடியாக நில வரி வசூலிக்கும் ரயத்துவாரி முறையைக் கண்டுபிடித்தவரும் இவர்தானா?

பதில் 1:
போர்க்களத்தைவிட மொழியறிவு என்பதே சரி. 1792-ல் திப்பு சுல்தான் பாராமகாலை (இன்றைய சேலம், தருமபுரி, கிருஷ்ணகிரிப் பகுதி) விட்டுக்கொடுத்தபோது, அதை நிர்வகிக்க உள்ளூர் மொழி தெரிந்த சிவில் அதிகாரிகள் சென்னையில் கிடைக்கவில்லை. அதனால்தான் கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ், கேப்டன் அலெக்சாண்டர் ரீடு தலைமையில் ராணுவ அதிகாரிகளை அனுப்பினார். பாரசீகமும் இந்துஸ்தானியும் கற்றிருந்த மன்றோ உதவியாளரானார். ஏழு வருடம் வயல் வயலாக அலைந்ததுதான் அவருடைய உண்மையான பயிற்சி. பிறகு கனரா (இன்றைய கர்நாடகக் கடலோரப் பகுதி), 1800 முதல் 1807 வரை கடப்பை, பல்லாரி அடங்கிய தத்த மண்டலம் (ஹைதராபாத் நிஜாம் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்த பகுதி).

பதில் 2:
கண்டுபிடித்தவர் என்று சொல்லக் கூடாது. பாராமகாலில் தொடங்கிவைத்தவர் ரீடு. மன்றோ அதைப் பெரிய பரப்பில் நடத்திக் காட்டினார்.

தத்த மண்டலத்தில் அளவை 1802-ல் தொடங்கியது. 33 அடிச் சங்கிலி; நாற்பது சதுரச் சங்கிலி ஒரு ஏக்கர் (33 × 33 × 40 = 43,560 சதுர அடி, கணக்கு அப்படியே பொருந்தும்). அளப்பவர்களுக்கு ஏக்கர் கணக்கில் கூலி, மேலே சரிபார்க்கத் தனி ஆட்கள். அளந்தபின் மண்ணைத் தரம் பிரித்து, வயலுக்குத் தீர்வை (நில வரி) நிர்ணயித்து, விவசாயி பெயரிலேயே பட்டா. இடையில் ஜமீன்தார் இல்லை.

சிக்கல் தீர்வையின் அளவில் இருந்தது. மொத்த விளைச்சலில் ஏறத்தாழ 45 சதவீதம்! நூறு மூட்டை விளைந்தால் நாற்பத்தைந்து மூட்டையின் மதிப்பு சர்க்காருக்கு; விதை, மாடு, ஆள் கூலி எல்லாம் மிச்சத்தில்தான். மழை பொய்த்த வருடம் விவசாயி என்ன செய்வார்? 1807-ல் மன்றோவே கால் பங்கு குறைக்கச் சொன்னார். குறைத்தால் மூன்றில் ஒரு பங்குக்கு வரும். அரசு கேட்கவில்லை, ஊர்களை மொத்தமாகக் குத்தகைக்கு விட்டது, முதலில் மூன்று வருடம், பிறகு பத்து. குத்தகைதாரர்கள் பலர் நொடித்துப்போனார்கள். மன்றோ ஆளுநராக வந்த பிறகே அந்தக் குறைப்பு நடைமுறைக்கு வந்தது.

கேட்டவர்:
நன்றி. அப்படியானால் ராணுவப் பதவிக்குப் பங்கே இல்லையா?

பதில் 3:
உண்டு, ஆனால் கடைசிக் கட்டத்தில். கிழக்கிந்தியக் கம்பெனியின் உரிமையைப் புதுப்பித்த 1813 சாசனச் சட்டத்துக்கு முன் நாடாளுமன்றத்தில் அளித்த சாட்சியம் அவரை லண்டனில் அறியவைத்தது. 1814-ல் நீதித்துறைச் சீர்திருத்த ஆணையராகத் திரும்பினார். 1816 ஒழுங்குமுறைகள் ஊர்த்தலைவருக்குச் சிறு வழக்குகளை விசாரிக்கும் அதிகாரம் தந்தன. அடுத்து 1817–18 மராட்டியப் போர். சிறு படையோடும் திரட்டிய உள்ளூர்ப் பியூன்களோடும் (ஆயுதம் தாங்கிய காவலர்கள்) பாதாமி, பெல்காம் கோட்டைகளைப் பிடித்தார். அப்போது இந்திய விவகாரத்துக்குப் பொறுப்பாக இருந்த ஜார்ஜ் கேனிங் அவரை ஆதரித்தார். அதே சமயம் பம்பாய் ஆளுநர் பதவி, இன்னொரு கம்பெனி அதிகாரியான மவுண்ட்ஸ்டுவர்ட் எல்பின்ஸ்டனுக்குப் போயிற்று, சென்னை மன்றோவுக்கு.

பதவி விலகக் கேட்டும் பர்மியப் போரால் தங்க நேர்ந்தது. 1827 ஜூலை 6-ல், தத்த மண்டலத்து மக்களிடம் விடைபெறச் சுற்றுப்பயணம் போன இடத்தில், பத்திகொண்டாவில் காலராவால் இறந்தார்.