விஸ்வரூபம்: இன்று பார்த்தால் எப்படி இருக்கும்?

கேள்வி: 2013ல் நான் சின்னப் பையன். கமலின் விஸ்வரூபம் படத்துக்குத் தமிழ்நாட்டில் தடை என்ற பரபரப்பு மட்டும்தான் நினைவிருக்கிறது. இப்போது பார்க்கலாமா அண்ணா?

பதில்: பாருங்கள் தம்பி. தணிக்கைச் சான்றிதழ் வாங்கிய படம் அது. இருந்தும் முஸ்லிம் அமைப்புகள் எதிர்த்ததால் 144 தடை உத்தரவு போட்டு நிறுத்தினார்கள். சில இடங்களில் வசனத்தை ஊமையாக்கிய பிறகு பிப்ரவரி 7ல்தான் இங்கே வந்தது. பிர்ஜு மகராஜ் அமைத்த கதக் நடனமும், கிடங்குச் சண்டையும் இன்றும் சிலிர்க்க வைக்கும். ஆனால் எனக்குப் படமே அந்த ஊஞ்சல் காட்சிதான். மனித வெடிகுண்டாகப் போகவிருக்கும் பையன் ஊஞ்சலில் உட்கார்ந்து ஆட்டிவிடச் சொல்கிறான். அவனிடமிருந்து பிள்ளைப் பருவத்தையே பறித்துவிட்டார்கள் என்பதை விளக்க வசனமே இல்லாமல் சொல்லிவிடுகிறார் கமல்.

மறுபதில்: நான் தொழுகிற வீட்டில் வளர்ந்தவன். அந்தக் காட்சி எனக்கும் பிடிக்கும். ஆனால் தொழுகையும் கொலையும் அடுத்தடுத்து வரும்போது மனசு வலிக்கிறது. நாயகன் விஸாமும் முஸ்லிம்தானே என்பார்கள், சரி. அவன் உளவாளி. கடை வைத்து, பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பி வாழ்கிற சாதாரண முஸ்லிம் குடும்பம் ஒன்றாவது கதையில் மனசில் நிற்கும்படி இருந்திருக்க வேண்டும்.

பதில்: நியாயம் பாய். தடையை நான் இன்றும் எதிர்க்கிறேன், ஆனால் நீங்கள் சொல்லும் குறை உண்மையானது. தம்பி, இதையும் மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள். இரண்டாம் பாகம் 2018ல் வந்தது, அவசரமில்லை.