மாட்டிறைச்சி பாட் ரோஸ்ட்: மேலே உதிருது, நடுவில் சக்கை

அக்கா, அண்ணன்மாரே, மூன்று வாரமா பாட் ரோஸ்ட் (கறியை முழுத் துண்டா வறுத்து, மூடின சட்டியில் கொஞ்சம் தண்ணீரில் மெதுவா வேகவைக்கிறது) சரியா வரல. கத்தி வச்சா மேல அரை அங்குலம் உதிருது. நடுவில் நீள நீளமா நார், மென்றா வறண்ட சக்கை.

இடம் பினாங்கு ஜார்ஜ்டவுன். இந்தியாவிலிருந்து வரும் உறைந்த எருமைக்கறி, பின்தொடை, 1.2 கிலோ ஒரே துண்டு. கொழுப்புக் கோடு ஒன்றுகூட இல்லை. ராத்திரி முழுக்க ஃப்ரிட்ஜில் வச்சு உறைவு போக்கித்தான் எடுக்கிறேன். ஈரம் துடைச்சு, கனமான இரும்புச் சட்டியில் எல்லாப் பக்கமும் சிவக்க வறுத்து, வெங்காயம், கேரட், இரண்டு கப் தண்ணீர், மூடி.

முதல் வாரம் கேஸ் அடுப்பில் 3 மணி நேரம். தளதளன்னு கொதிச்சதில் நார் இறுகிடுச்சு. அடுத்து ஓவனில் 150 டிகிரி, 4 மணி நேரம்: கொஞ்சம் பரவாயில்லை, ஆனா அதே வறட்சி. பப்பாளிக்காய் அரைச்சுத் தடவினேன். மேற்பகுதி மட்டும் கூழாச்சு, உள்ளே இறங்கவே இல்லை. பிரஷர் குக்கரில் 50 நிமிடம் வச்சா துண்டு போட முடியாம பிய்ஞ்சு போச்சு.

பின்தொடையில் உருகிக் கொடுக்கும் சவ்வும் கொழுப்பும் குறைவு, அதுதான் காரணம்னு நினைக்கிறேன்.

பசாரில் தோள்பட்டையா, நெஞ்சுக்கறியா, எதைக் கேட்டு வாங்கினா துண்டு குலையாம மெத்துன்னு வரும்?