குற்றங்கள் கூடுகின்றனவா? மொத்தக் கணக்கை வைத்து அதைச் சொல்ல முடியுமா?

நேர்கோடு (தொடக்கப் பதிவு)

நண்பர்களே, இந்தியாவின் தேசிய குற்ற ஆவணக் காப்பகம் வெளியிடும் ஆண்டறிக்கைகளை வரிசையாக எடுத்துப் பார்த்தேன். நாடு முழுக்கப் பதிவான வழக்குகள் 2022-ல் 58,24,946. 2023-ல் 62 லட்சத்தைத் தாண்டிவிட்டன. மக்கள்தொகை கூடியதால்தான் என்று யாரும் சொல்லிவிட முடியாது. லட்சம் பேருக்கு எத்தனை என்று பார்த்தாலும் 422.2 என்பது 448.3 ஆகியிருக்கிறது. பெண்களுக்கு எதிரான குற்றங்கள் 2021-ல் 4,28,278, 2022-ல் 4,45,256, 2023-ல் அதற்கும் மேல். சைபர் குற்றங்கள் ஒரே வருடத்தில் 65,893-லிருந்து 86,420-க்குப் போய்விட்டன.

நாம் வாழும் சமூகம் பாதுகாப்பை இழந்துகொண்டிருக்கிறது என்பதுதான் என் கருத்து. "அந்தக் காலத்தைவிட இப்போது பரவாயில்லை" என்று சொல்பவர்கள் இந்த எண்களுக்குப் பதில் சொல்லட்டும்.

தாழ்வாரம்

நேர்கோடு சார், உழைத்து எடுத்திருக்கிறீர்கள், நன்றி. ஆனால் அந்த மொத்த எண்ணைக் கொஞ்சம் ஓரமாக வையுங்கள். அது பலவற்றை ஒரே மூட்டையில் கட்டிய கணக்கு.

2020-ஐ நீங்கள் விட்டுவிட்டீர்கள். அந்த ஆண்டு மொத்தம் 66,01,285. இதுவரை பேசிய எல்லா ஆண்டுகளையும்விட அதிகம். அப்படியானால் 2020-ல்தான் நாடு மிக மோசமாக இருந்ததா? பாதி வருடம் ஊரே வீட்டுக்குள் கிடந்தது. நடந்தது இதுதான்: அரசு ஊழியரின் உத்தரவை மீறியதாக அன்றைய இந்திய தண்டனைச் சட்டத்தின்கீழ் பதியப்பட்ட 188-வது பிரிவு வழக்குகள் 2019-ல் 29,469 இருந்தன. ஊரடங்கால் 2020-ல் 6,12,179 ஆகிவிட்டன. அதே ஆண்டில் திருட்டு ஆறே முக்கால் லட்சத்திலிருந்து ஐந்து லட்சத்துக்கும் கீழே இறங்கியது. ஊரடங்கில் வெளியே வந்தவர் மேல் போட்ட வழக்கும் ஒன்று, கொலை வழக்கும் ஒன்று. இரண்டையும் கூட்டினால் என்ன விடை வரும்?

அதனால் குற்றத்தை வகை வகையாகப் பிரித்துத்தான் பேச வேண்டும். கொலையை எடுங்கள். 1992-ல் நாட்டில் கொலைகள் நாற்பதாயிரத்தைத் தாண்டின, லட்சத்துக்கு நாலரைக்கு மேல். 2021-ல் 29,272. 2022-ல் 28,522. 2023-ல் 27,721. இப்போது லட்சத்துக்கு ஏறக்குறைய 2. முப்பது வருடத்தில் பாதிக்கும் கீழே. இதை யாரும் தலைப்புச் செய்தியாகப் போடுவதில்லை.

நேர்கோடு

சரி, 2020-ஐ விட்டுவிடலாம். கொலை குறைந்ததையும் ஏற்கிறேன். பாலியல் வன்கொடுமைக்கு என்ன சொல்வீர்கள்? 2012-ல் 24,923 வழக்குகள். அடுத்த வருடமே 33,707. ஒரே வருடத்தில் 35 சதவீதம். இதற்கு ஊரடங்கைக் காரணம் காட்ட முடியாதே.

தாழ்வாரம்

முடியாது. ஆனால் அந்த இரண்டு வருடங்களுக்கு நடுவே என்ன நடந்தது என்று பாருங்கள். 2012 டிசம்பரில் டெல்லியில் ஓடும் பேருந்தில் அந்தக் கொடூரம். நாடே தெருவுக்கு வந்தது. 2013-ல் சட்டம் திருத்தப்பட்டது. எதெல்லாம் வன்கொடுமை என்ற வரையறை விரிந்தது. சம்மத வயது 16-லிருந்து 18 ஆனது. இப்படிப்பட்ட புகாரைப் பதிய மறுக்கும் காவலருக்கே ஆறு மாதம் முதல் இரண்டு வருடம் வரை சிறை என்று 166ஏ பிரிவு வந்தது. அதே ஆண்டு நவம்பரில் உச்ச நீதிமன்றம், கைது செய்யத்தக்க குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர் போட்டே ஆக வேண்டும் என்றது.

2013 பிறந்ததும் ஆண்கள் 35 சதவீதம் கெட்டுப்போனார்கள் என்று நான் நம்பவில்லை. அதுவரை வாயை மூடிக்கொண்டிருந்த குடும்பங்கள் ஸ்டேஷன் படி ஏறின. ஸ்வீடனைப் பற்றியும் இதே தவறு நடக்கிறது. அங்கே ஒரு பெண் தன் கணவன் பல நாள் செய்ததைச் சொன்னால் ஒவ்வொரு தடவையும் தனிக் குற்றமாக எண்ணப்படும். 2018 ஜூலையிலிருந்து சம்மதம் இல்லாத உறவே வன்கொடுமை என்று சட்டமும் மாறிவிட்டது. எண்ணிக்கை ஏறத்தான் செய்யும்.

நேர்கோடு

இங்கேதான் எனக்கு உங்களோடு ஒத்துப்போகவில்லை. கோபமாகச் சொல்லவில்லை, யோசித்துத்தான் சொல்கிறேன்.

எண் ஏறினால் "புகார் கூடிவிட்டது" என்கிறீர்கள். இறங்கினால் "குற்றம் குறைந்துவிட்டது" என்கிறீர்கள். பூ விழுந்தாலும் தலை விழுந்தாலும் ஜெயிப்பது நீங்களாகவே இருக்கிறது. எது நடந்தால் "ஆமாம், குற்றம் உண்மையாகவே கூடியிருக்கிறது" என்று ஒத்துக்கொள்வீர்கள்? அதை முதலில் சொல்லுங்கள். இல்லாவிட்டால் எந்த அரசும் எந்த வருடமும் "மக்களுக்கு நம்பிக்கை வந்துவிட்டது, அதனால்தான் வழக்கு கூடியது" என்று சொல்லிவிட்டுப் போய்விடும். உங்கள் வாதத்தை அவர்கள் கையில் கொடுப்பது ஆபத்து. வீட்டில் இரண்டு பெண் பிள்ளைகளை வைத்திருக்கும் எனக்கு அந்தப் பதில் போதாது.

அந்திமழை

நான் ஸ்டேஷன் ரைட்டராகப் பல வருடம் வேலை பார்த்தவன். ஓய்வு பெற்றுவிட்டேன். நீங்கள் இருவரும் அறிக்கையில் வந்த எண்ணைப் பேசுகிறீர்கள். அது எங்கே பிறக்கிறது என்று நான் சொல்கிறேன்.

ஒருவர் வருவார். பைக்கில் வந்தவன் காதோரம் வைத்துப் பேசிக்கொண்டிருந்த போனைப் பிடுங்கிக்கொண்டு போய்விட்டான் என்பார். கை நடுங்கிக்கொண்டே இருக்கும். தண்ணீர் கொடுத்து உட்கார வைத்து, பேப்பரும் பேனாவும் கொடுப்போம். "புது சிம் வாங்கவும் இன்ஷூரன்ஸுக்கும் ஒரு ரசீது இருந்தால் போதும்தானே? பயணத்தில் தவறிவிட்டதாக எழுதுங்கள், உடனே கிடைத்துவிடும்" என்று சொல்வோம். பெரும்பாலானோர் எழுதிவிடுவார்கள். வழிப்பறி என்று எழுதினால் எஃப்.ஐ.ஆர் போட வேண்டும், ஆள் பிடிக்க வேண்டும், கோர்ட்டுக்கு அலைய வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலே, மாதக் கூட்டத்தில் "உன் எல்லையில் மட்டும் ஏன் இத்தனை வழிப்பறி?" என்ற கேள்வி வரும்.

நானே அப்படி எழுத வைத்திருக்கிறேன். மேலே இருந்து வந்த அழுத்தம் என்று தப்பித்துக்கொள்ள மாட்டேன். செய்தது நான்தான். ஆக, ஒரு வழிப்பறி நாட்டின் கணக்கில் பிறக்கவே இல்லை. தவறிப்போன போனாக முடிந்துவிட்டது.

தாழ்வாரம்

அந்திமழை ஐயா, இதை வெளிப்படையாகச் சொன்னதற்கு வணங்குகிறேன். இது ஓர் ஊரின் பழக்கமும் இல்லை. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 2014-ல் காவல் துறைக்கான ஆய்வு அமைப்பு சோதித்துப் பார்த்தபோது, மக்கள் சொன்ன குற்றங்களில் 19 சதவீதம் ஏட்டில் ஏறவே இல்லை என்று தெரிந்தது. பாலியல் குற்றங்களில் 26 சதவீதம். அந்த ஆண்டு ஜனவரியிலேயே காவல் துறைப் பதிவுகளுக்கு இருந்த, நம்பத்தக்கவை என்று காட்டும் தேசியப் புள்ளிவிவரம் என்ற தகுதியை எடுத்துவிட்டார்கள்.

நேர்கோடு சார், உங்கள் கேள்வி நியாயமானது. நேராகவே பதில் சொல்கிறேன். அமெரிக்காவில் 2020-ல் கொலைகள் ஒரே வருடத்தில் ஏறக்குறைய 30 சதவீதம் கூடின. அதை "புகார் கூடியது" என்று நான் சொல்ல மாட்டேன். பிணத்தை மறைப்பது கஷ்டம். அங்கே குற்றம் உண்மையிலேயே கூடியது. அதற்கப்புறம் 2023-லும் 2024-லும் இறங்கியபோது அதையும் உண்மை என்றே எடுத்துக்கொள்கிறேன். ஆக, என் முதல் உரைகல் கொலை.

இரண்டாவது, போலீஸ் பக்கமே போகாமல் வீடு வீடாகக் கேட்கும் கணக்கெடுப்பு. "கடந்த சில மாதங்களில் உங்களுக்கு இப்படி நடந்ததா?" என்று மக்களிடமே கேட்பது. அமெரிக்காவில் 1973 முதல் நடக்கிறது. இங்கிலாந்தில் முதல் கணக்கெடுப்பு 1982-ல். அங்கே 2014-க்குப் பிறகு போலீஸ் ஏட்டில் வன்முறை ஏறிக்கொண்டே போனது. வீட்டுக் கணக்கெடுப்பில் அப்படி ஓர் ஏற்றம் இல்லை. அப்போதுதான் தெரிகிறது, மாறியது எழுதும் பழக்கம் என்று. இரண்டும் சேர்ந்து ஏறியிருந்தால் உங்கள் பக்கம் நான் வந்திருப்பேன்.

இந்தியாவில் போலீஸ் அறிக்கையோடு வருடா வருடம் ஒப்பிட இப்படி ஒரு கணக்கெடுப்பு இல்லை. பெரிய குறை அது. கிடைப்பதில் பக்கத்தில் வருவது தேசிய குடும்ப நல ஆய்வு. 2019-21 சுற்றில், உடல் அல்லது பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களில் யாரிடமாவது உதவி தேடியவர்கள் 14 சதவீதம்தான். அதிலும் பெரும்பாலோர் போனது பிறந்த வீட்டுக்கு. காவல் நிலையத்துக்கு வந்தவர்கள் சொற்பம். நீங்கள் காட்டிய 4,45,256 என்பது அந்தச் சொற்பத்திலிருந்து வந்த எண். நாளைக்கு இன்னும் கொஞ்சம் பெண்கள் துணிந்து வந்தாலே அது பல மடங்கு ஏறும். அந்த ஏற்றத்தைக் கண்டு நான் பயப்பட மாட்டேன். உங்கள் பெண் பிள்ளைகளுக்காகவும்தான் சொல்கிறேன்.

ஊசிமுனை

கொலையையும் வன்கொடுமையையும் பேசுகிறீர்கள். சைபர் என்று முதல் பதிவில் ஒரு வரி வந்ததோடு சரி. குற்றம் இடம் மாறிவிட்டது என்பதை இரண்டு பேருமே விட்டுவிட்டீர்கள்.

ஐரோப்பாவில் 1998 முதல் புதிய கார்களில் சாவி இல்லாமல் எஞ்சின் ஓடாதபடி தடுக்கும் கருவியைக் கட்டாயமாக்கினார்கள். கார் திருட்டு அந்த நாடுகளில் நன்றாகவே சரிந்தது. பூட்டு கெட்டியானதும் திருட்டும் வேறு வழி பார்க்கத் தொடங்கியது. இங்கிலாந்துக் கணக்கெடுப்பில் 2015 அக்டோபர் முதல் மோசடி, கணினிக் குற்றங்கள் பற்றியும் கேட்டார்கள். மொத்த எண்ணிக்கை கிட்டத்தட்ட இரண்டு மடங்கானது. அதுவரை அவர்கள் கேட்கவே இல்லை, அதனால் தெரியவே இல்லை.

என் அப்பாவுக்கு நடந்ததைச் சொல்கிறேன். விசாரணை அதிகாரி என்று சொல்லி வீடியோ அழைப்பில் ஒருவன் வந்தான். அப்பா அறைக் கதவைச் சாத்திக்கொண்டு, போனைத் தலையணையில் சாய்த்து வைத்து, அவன் முன்னால் கைகட்டி உட்கார்ந்திருக்கிறார். நாலு மணி நேரம். அம்மா கதவைத் தட்டியபோது "வேலை இருக்கிறது" என்று மட்டும் குரல் வந்ததாம். வெளியே வந்தபோது சட்டை முழுக்க வியர்வை, சேமிப்பில் பாதி இல்லை. மூன்று நாள் எங்களிடம் சொல்லவில்லை. இன்றுவரை புகார் கொடுக்க விடவில்லை. "நாலு பேருக்குத் தெரிந்தால் என்ன நினைப்பார்கள்" என்கிறார்.

இந்தக் குற்றம் எந்த அட்டவணையில் இருக்கிறது? 86,420-க்குள் என் அப்பா இல்லை. பேசியவன் ஓரிடம், பணம் போன கணக்குகள் பல இடம். இப்படி எத்தனை வீட்டுக்கதவு சாத்தியிருக்கும்?

நேர்கோடு

ஊசிமுனை, படிக்கவே கஷ்டமாக இருக்கிறது. அப்பா தேறி வரட்டும். பணம் போனதும் உடனே சைபர் மோசடிக்கான 1930 என்ற உதவி எண்ணை அழைத்தால் சில சமயம் கணக்கை முடக்க வழி உண்டு. இதைப் படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன்.

தாழ்வாரம், உரைகல்லைச் சொன்னீர்கள், ஏற்கிறேன். மொத்த எண்ணை வைத்து நான் பேசியது தவறு. ஆனால் ஊசிமுனை சொன்னதைப் பாருங்கள். கொலை குறைந்தது, கார் திருட்டு குறைந்தது என்று நிம்மதியாக இருக்கும்போதே குற்றம் அறைக்குள் வந்து உட்கார்ந்துவிட்டது. உங்கள் உரைகல்லான கொலை அதைக் காட்டாது. மோசடியைப் பொறுத்தவரை ஏற்றம் உண்மை என்ற என் நிலையில் மாற்றமில்லை.

தாழ்வாரம்

மோசடி கூடியது உண்மை என்பதில் நானும் உங்கள் பக்கம்தான். இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரே எஃப்.ஐ.ஆரில் பல குற்றம் இருந்தால், எதற்குத் தண்டனை அதிகமோ அது மட்டுமே இந்தியக் கணக்கில் எண்ணப்படும். கொலையோடு கொள்ளையும் நடந்தால் கொலை மட்டும்தான் தெரியும். தவிர, லட்சத்துக்கு இத்தனை என்ற விகிதத்துக்கு அடியில் இருப்பது 2011 கணக்கெடுப்பை வைத்துக் கணித்த மக்கள்தொகை. சின்னச் சின்ன ஏற்ற இறக்கத்தை வைத்து யாரும் சத்தியம் செய்யக் கூடாது.

மாநிலங்களை வரிசைப்படுத்துவதும் அப்படித்தான். டெல்லியில் 2015-ல் வாகனத் திருட்டுக்கு இணையத்திலேயே எஃப்.ஐ.ஆர் போடும் வசதி வந்தது. ஸ்டேஷனுக்கே போகாமல் பதியலாம் என்றால் எண்ணிக்கை ஏறாதா? ஒழுங்காக எழுதுகிற இடத்துக்குக் கெட்ட பெயர், அந்திமழை ஐயா சொன்னதுபோல் எழுத வைக்கிற இடத்துக்கு நல்ல பெயர்.

ஊசிமுனை

அந்திமழை ஐயா, ஒன்று கேட்கலாமா? "தவறிவிட்டது" என்று எழுதச் சொன்னபோது யாராவது மறுத்திருக்கிறார்களா?

அந்திமழை

ஒரு பெண். கல்லூரியில் படிக்கிற வயது. "தவறவில்லை ஐயா, பறித்தார்கள்" என்றாள். நான் மறுபடி பேப்பரைக் கொடுத்தேன். நான் சொல்லச் சொல்ல "தவறி" வரை எழுதினாள், நிறுத்தினாள், அந்தச் சொல்லை அடித்துவிட்டு மேலே "பறித்தார்கள்" என்று எழுதினாள். இருட்டும் வரை பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தாள். கடைசியில் எஃப்.ஐ.ஆர் போட்டேன்.

அந்த மாதக் கூட்டத்தில் எங்கள் நிலையத்துக்கு வழிப்பறி ஒன்று கூடியிருந்தது. ஏன் என்று அதிகாரி கேட்டார். நடந்தது, எழுதினேன் என்றேன்.