கேம் வாய்ஸ் சாட் தொல்லைகள்: சேலம், ஏற்காடு பக்கத்து ஆட்டக்காரர்களே, உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

அஸ்தம்பட்டி ஆட்டக்காரன்

வாலரண்ட், பிஜிஎம்ஐ, சிஎஸ் 2 என்று எது ஆடினாலும் முதல் சுற்று முழுக்க "கேட்குதா? இப்பக் கேட்குதா?"விலேயே போய்விடுகிறது. எதிரி எந்தப் பக்கம் வருகிறான் என்று சொல்ல வேண்டிய நேரத்தில் ஒருவன் குரல் வராவிட்டால் எல்லோருடைய ஆட்டமும் கெடும். நம் ஊரில் இது என்னென்ன காரணத்தால் வருகிறது, எப்படிச் சரியானது என்பதெல்லாம் ஒரே இடத்தில் இருந்தால் அடுத்தவருக்கு உதவும். நானே தொடங்குகிறேன்.

எங்கள் குழுவில் ஒரு தம்பி பேசுவது யாருக்குமே கேட்கவில்லை. நாங்கள் பேசுவது அவனுக்குத் தெளிவாகக் கேட்டது. அவன் உடனே கேமை அழித்துவிட்டு மறுபடி இறக்கப் போனான். கொஞ்சம் பொறு என்று நிறுத்தினேன். யாருக்கு யார் குரல் கேட்கவில்லை என்று விசாரித்தாலே பாதி விடை கிடைத்துவிடும். ஒருவன் குரல் எவருக்கும் போகவில்லை என்றால் கோளாறு அவன் மைக் பக்கம். ஒரே ஒருவருக்கு மட்டும் கேட்கவில்லை என்றால், கேட்காதவர் அவனை மியூட் செய்திருக்கிறாரா, அவன் ஒலி அளவைக் குறைத்து வைத்திருக்கிறாரா என்று பார்க்க வேண்டும். ஒருவருக்கு யார் குரலும் வரவில்லை என்றால் அவருடைய ஹெட்செட், அல்லது ஒலி எந்த வழியாக வெளியே வருகிறது என்பது. எல்லோருக்கும் விட்டு விட்டுக் கேட்டால்தான் நெட்டைச் சந்தேகப்பட வேண்டும்.

அந்தத் தம்பியின் லேப்டாப்பில் வாய்ஸ் ரெக்கார்டரில் பேசிப் பதிவு செய்தால் குரல் நன்றாக வந்தது. கேமில் மட்டும் வரவில்லை. விண்டோஸ் செட்டிங்ஸில் பிரைவசி, அதற்குள் மைக்ரோஃபோன். அங்கே ஸ்டோர் ஆப்களுக்கு ஒரு வரிசை சுவிட்ச் இருக்கும். அதற்கும் கீழே, கடைசி வரை இறக்கினால், டெஸ்க்டாப் ஆப்களுக்கு என்று தனியாக ஒரு சுவிட்ச். ரெக்கார்டர் ஸ்டோர் ஆப் என்பதால் அதற்கு அனுமதி இருந்தது. நாம் ஆடும் பெரும்பாலான கேம்கள் டெஸ்க்டாப் ஆப் கணக்கில் வரும், அந்தச் சுவிட்ச் அணைந்திருந்தது. போட்டதும் பேச்சு வந்தது. இன்னொன்று: வெப்கேம் மாட்டியிருந்தால் அதிலும் ஒரு மைக் உண்டு. கேமில் "டிஃபால்ட்" என்று விட்டு வைத்தால் அது அந்த மைக்கைப் பிடித்துக்கொள்ளலாம். நம் ஹெட்செட்டின் பெயரையே தேர்ந்தெடுத்து வைப்பது நல்லது.

அம்மாபேட்டை தறிவீடு

எங்களுக்கு மைக் வேலை செய்யாத பிரச்சினை இல்லை, அளவுக்கு மீறி வேலை செய்தது. வீட்டின் முன்பக்கம் விசைத்தறி ஓடுகிறது, நான் ஆடுவது பின்னறையில். மைக்கை "வாய்ஸ் ஆக்டிவிட்டி"யில் வைத்தால் நாடா அடிக்கிற ஒவ்வோர் அடிக்கும் மைக் திறந்துகொள்ளும். கூட ஆடுகிறவர்கள் "அண்ணா, தறியை நிறுத்துங்க" என்பார்கள். அது எங்கள் சோறு, கேமுக்காக நிறுத்த முடியாது.

முதலில் எல்லோரும் சொன்னது நாய்ஸ் சப்ரஷனைப் போடு என்று. மின்விசிறி, ஏசி மாதிரி ஒரே சீராக இரையும் சத்தத்தை அது நன்றாக அழிக்கும். தறிச் சத்தம் அப்படி இல்லை, தட்டித் தட்டி வரும். அதை அழிக்கப் போய் என் சொற்களின் தொடக்கத்தையும் சேர்த்து அழித்தது. "மேலே இருக்கான்" என்றால் "...லே இருக்கா" என்று போகும். பிறகு பார்த்தால் மூன்று இடத்தில் வடிகட்டல் ஓடிக்கொண்டிருந்தது: லேப்டாப்போடு வந்த ஆடியோ மென்பொருளில் ஒன்று, டிஸ்கார்ட் என்ற பேச்சு ஆப்பில் ஒன்று, கேமுக்குள் ஒன்று. வடிகட்டியதையே திரும்பத் திரும்ப வடிகட்டினால் குரலில் என்ன மிஞ்சும்? ஒன்றை மட்டும் விட்டுவிட்டு மற்ற இரண்டையும் அணைத்தேன். பாதி சரியானது.

மீதிப் பாதிக்கு மைக்கின் இடம்தான் மருந்து. ஹெட்செட் மைக்கை வாயின் ஓரத்துக்குக் கொண்டுவந்து, உதட்டிலிருந்து இரண்டு விரல் தூரத்தில் வைத்தேன். நேர் முன்னால் வைத்தால் மூச்சுக்காற்று அடிக்கும். வாய்க்கும் மைக்குக்கும் உள்ள தூரம் பாதியானால் நம் குரல் சுமார் 6 டெசிபல் கூடுதலாகப் போகும், தறிச் சத்தம் அதே அளவில்தான் இருக்கும். பிறகு மைக்கின் அளவைக் குறைத்தால் நம் குரல் மட்டும் தெளிவாக நிற்கும், தறி பின்னுக்குப் போய்விடும். காசு செலவில்லாத இந்த வைத்தியத்தை யாரும் முதலில் சொல்வதே இல்லை என்பதுதான் என் வருத்தம்.

அதோடு டிஸ்கார்டில் புஷ் டு டாக். பட்டனை அழுத்தினால் மட்டும் மைக் திறக்கும். இதிலும் ஒரு சிக்கல் பார்த்தேன். டெஸ்க்டாப்பில் இருக்கும்போது பட்டன் வேலை செய்தது, கேமுக்குள் போனதும் செத்துவிட்டது. கேமை "ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்" கொடுத்து ஓட்டியிருந்தோம். அட்மின் உரிமையில் ஓடும் ஜன்னலில் நாம் அழுத்துகிற விசையை, சாதாரண உரிமையில் ஓடும் இன்னொரு மென்பொருளைப் பார்க்க விண்டோஸ் விடாது. பாதுகாப்புக்காக அப்படி வைத்திருக்கிறார்கள். கேமைச் சாதாரணமாகத் திறந்தபோது பட்டன் உயிர்பெற்றது.

நாகலூர் காபித் தோட்டம்

ஏற்காட்டிலிருந்து எழுதுகிறேன். இங்கே மூட்டம் இறங்கினால் சிக்னல் போய்விடும் என்று எல்லோரும் சொல்வார்கள். வாய்ஸ் அறுந்தால் "மலையில பனி, அதான்" என்று கீழே இருப்பவர்களே காரணம் சொல்லி முடித்துவிடுகிறார்கள். இதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். 4ஜி அலைகளுக்கு மூட்டம் கிட்டத்தட்ட ஒரு தடையே இல்லை. தடை மலை முகடும், மழையில் நனைந்து நிற்கும் சில்வர் ஓக் இலைகளும்தான். அப்புறம் கரண்ட். மழை நாளில் கரண்ட் போய், டவரின் பேட்டரியும் இறங்கினால் சிக்னல் போகத்தான் செய்யும். அந்த நேரத்தில் மூட்டமும் இருப்பதால் பழி அதன் மேல் விழுகிறது.

இங்கே இன்னொரு விசேஷமும் உண்டு. லேடீஸ் சீட்டில் நின்றால் சேலம் நகர விளக்குகள் முழுக்கத் தெரியும். விளக்கு தெரிகிற இடத்தில் போனுக்குக் கீழே இருக்கும் டவரும் தெரியும். மலை மேலே உள்ள டவரா, கீழே உள்ளதா என்று போன் மாறி மாறித் தாவும். அப்படித் தாவும்போது குரல் அறுந்துவிடலாம். திரையில் சிக்னல் கோடு நிறைய இருக்கும், பேச்சு மட்டும் துண்டு துண்டாக வரும். என் தங்கை வீடு அந்தப் பக்கம்தான். போனைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குள் நடக்காமல், உள்ளூர் டவரைப் பார்த்த ஒரே ஜன்னலில் வைத்துவிட்டு, யூஎஸ்பி கேபிள் வழியாக லேப்டாப்புக்கு நெட் கொடுத்தோம். நெட்வொர்க் தேர்வில் எல்டிஇ, அதாவது 4ஜி, மட்டும் என்று வைத்தோம். அதன் பிறகு அவள் குரல் நன்றாக வருகிறது.

வேகத்தைப் பார்த்து ஏமாறாதீர்கள். பல கேம்களும் டிஸ்கார்டும் குரலைச் சுருக்குவது ஓபஸ் முறையில். 2012இல் வந்த தரம் அது. நொடிக்கு 6 கிலோபிட்டில்கூடப் பேச்சை அனுப்ப முடியும். 510 வரை போகலாம், ஆனால் பேச்சுக்கு அவ்வளவெல்லாம் தேவையில்லை. ஆகவே ஸ்பீட் டெஸ்டில் எத்தனை எம்பி காட்டுகிறது என்பது இங்கே உதவாது. குரல் பாக்கெட் என்ற சின்னத் துண்டுகளாகத்தான் போகும், அனுப்பிய பாக்கெட்டுகளில் எத்தனை வழியில் தொலைகின்றன, எவ்வளவு சீராக வருகின்றன என்று பார்க்க வேண்டும். டிஸ்கார்டில் "வாய்ஸ் கனெக்டெட்" என்ற பச்சை எழுத்தை அழுத்தினால் பிங் (போய்த் திரும்ப ஆகும் நேரம்), பாக்கெட் லாஸ் (தொலைந்த பாக்கெட்) இரண்டையும் காட்டும். குரல் ரோபோ மாதிரி ஆகும்போது அதைத் திறந்து பாருங்கள்.

சூரமங்கலம்

தோட்டக்காரர் சொல்வது முழுக்கச் சரி. எங்களுக்குச் சிக்னலே பிரச்சினை இல்லை, ஃபைபர் வீட்டுக்குள் வந்திருக்கிறது. ஆனாலும் ராத்திரிச் சாப்பாடு முடிந்து ஆட உட்கார்ந்தால் என் குரல் மற்றவர்களுக்கு உடைந்து போகும். பகலில் ஒன்றும் இல்லை. எதனால் என்று தேடினால், அந்த நேரத்தில்தான் வீட்டில் எல்லோரும் போனை சார்ஜில் போடுகிறார்கள். சார்ஜில் இருந்து, வைஃபையும் இருந்தால் அன்றைய போட்டோ, வீடியோவெல்லாம் மேலே ஏறத் தொடங்கும். அண்ணன் மகள் கல்யாண வேலை நடந்த சமயம், வீடியோ கொஞ்சநஞ்சமா? அப்லோட் வழி நிரம்பி மோடத்தில் வரிசை கட்டி நின்றுவிடும். என் குரலும் அந்த வரிசையின் வாலில் நிற்க வேண்டும். ஒரு பக்கத் தாமதம் 150 மில்லி நொடியைத் தாண்டாமல் இருந்தால்தான் பேச்சு இயல்பாக இருக்கும் என்பது ஐடியூ என்ற உலகத் தொலைத்தொடர்பு அமைப்பின் கணக்கு. வரிசை நீண்டால் அது எங்கேயோ போய்விடும்.

நீங்களும் சோதிக்கலாம். கமாண்ட் ப்ராம்ப்டில் பிங் ஓடவிட்டு, ஒரு பெரிய வீடியோவை மேலே ஏற்றுங்கள். எண் மளமளவென்று ஏறினால் இதுதான் உங்கள் வீட்டுக் கதையும். நாங்கள் பேக்கப்பை நள்ளிரவுக்குப் பிறகு கையால் போடுகிறோம். மோடத்தில் கியூஓஎஸ் (எதற்கு முதலிடம், எதற்கு எவ்வளவு வேகம் என்று பிரிக்கும் வசதி) இருப்பவர்கள் அப்லோட் அளவுக்கு ஒரு வரம்பு வைத்தாலும் போதும்.

கன்னங்குறிச்சி அம்மா

நான் ஆடுவதில்லை, என் மகன் ஆடுகிறான். அவன் பேசுவது நண்பர்களுக்குக் கேட்கவில்லை என்று சொன்னபோது நானும் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். அவன் ஆடும் கேமில் சேனல் இரண்டு இருக்கிறது, டீம் என்று ஒன்று, ஆல் என்று ஒன்று. நண்பர்களுக்குக் கேட்காதது ஒரு பக்கம் இருக்க, அவன் பேசியது சுற்றியுள்ள முன்பின் தெரியாதவர்களுக்குப் போய்க்கொண்டிருந்தது. வீட்டில் நாங்கள் பேசியதும்தான். அதில் ஒருவன் குழந்தையைத் தகாத வார்த்தையில் திட்டியதை என் காதாலேயே கேட்டேன். நீங்களெல்லாம் மைக், நெட் என்று எழுதுகிறீர்கள், நல்லது. சின்னப் பிள்ளைகள் ஆடும் வீட்டில் முதலில் சேனலைப் பாருங்கள். கேட்பது, பேசுவது இரண்டையும் டீமுக்கு மாற்றி, தெரியாதவர்களை மியூட் செய்யவும், புகார் கொடுக்கவும் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுங்கள்.

கொண்டலாம்பட்டி மொபைல் கடை

அம்மா சொன்னது ரொம்ப முக்கியம்.

கடைக்கு வருகிறவர்களில் பலர் "மைக் போச்சுண்ணா, ஹெட்செட் மாத்திக் குடுங்க" என்பார்கள். நான் முதலில் பார்ப்பது பின்னை. பின்னில் மூன்று கறுப்பு வளையம் இருந்தால் அது மைக்கும் சேர்ந்த நான்கு கம்பிப் பின். இரண்டு வளையம்தான் என்றால் பாட்டு மட்டும் கேட்கும். மூன்று வளையப் பின்னை, பச்சைக்கும் பிங்க்குக்கும் தனித்தனித் துளை உள்ள கம்ப்யூட்டரில் குத்தினால் மைக் வராது. ஒலியையும் மைக்கையும் இரண்டு பின்னாகப் பிரிக்கும் ஒரு ஒய் கேபிள் வேண்டும், ஹெட்செட்டை மாற்றத் தேவையில்லை.

பழைய ஹெட்செட் சிலவற்றில் மைக் கம்பியும் எர்த் கம்பியும் இடம் மாறியிருக்கும். மாட்டினால் பாட்டு எங்கோ கிணற்றுக்குள் கேட்கும், மைக் வராது. அந்த மைக்கின் பட்டனை அழுத்திப் பிடித்தால் மட்டும் பாட்டு சரியாகக் கேட்கும். இந்த அறிகுறியைப் பார்த்தாலே சொல்லிவிடலாம். மாற்றிக் கொடுக்கும் சின்ன அடாப்டர் உண்டு.

ஆண்ட்ராய்டு 12 அல்லது அதற்கு மேல் உள்ள போனில், மேலிருந்து இழுத்தால் வரும் பட்டன்களில் மைக் ஆக்சஸ் என்று ஒன்று சேர்த்துக்கொள்ளலாம். அது அணைந்திருந்தால் எந்த ஆப்புக்கும் குரல் போகாது, ஆப்பில் பர்மிஷன் கொடுத்திருந்தாலும்தான். பேசும்போது திரையின் மேல் மூலையில் பச்சைப் புள்ளி தெரிகிறதா பாருங்கள். தெரிந்தால் ஏதோ ஓர் ஆப் மைக்கையோ கேமராவையோ பிடித்திருக்கிறது. எந்த ஆப் என்று அதை அழுத்தினால் சொல்லும். பின்னால் வாட்ஸ்அப் கால் ஓடிக்கொண்டிருந்தால் கேமுக்கு மைக் கிடைக்காது.

ஃபேர்லேண்ட்ஸ் தங்கை

அண்ணா, புளூடூத் பற்றியும் எழுதியிருக்கலாம். என் இயர்பட்ஸில் கேம் சத்தம் அருமையாக இருக்கும். மைக்கை ஆன் செய்த நொடியே பழைய லேண்ட்லைன் மாதிரி ஆகிவிடும். பட்ஸ் கெட்டுப்போய்விட்டது என்று திருப்பிக் கொடுக்க இருந்தார்கள் வீட்டில். சாதாரண புளூடூத் பாட்டுக்கு ஒரு முறையையும் பேச்சுக்கு இன்னொரு முறையையும் பயன்படுத்துகிறது. மைக் திறந்ததும் போன் கால் முறைக்கு மாறி, இரண்டு காதுக்கும் ஒரே ஒலி, அதுவும் தரம் குறைந்த ஒலி வரும். காலடிச் சத்தம் எந்தப் பக்கம் என்றே தெரியாது. கேட்பதற்கு பட்ஸ், பேசுவதற்கு லேப்டாப்பிலேயே உள்ள மைக் என்று பிரித்து வைத்தேன். இப்போது சத்தம் பழைய தரத்திலேயே வருகிறது.

குகை

கரண்ட் போன நேரத்தில் மட்டும் "ங்ஙொய்ய்" என்று இரைச்சல் போகிறதா? இன்வெர்ட்டரைப் பாருங்கள். ஸ்கொயர் வேவ் இன்வெர்ட்டரில் லேப்டாப் சார்ஜர் ஓடினால் சில ஹெட்செட்டில் அந்த இரைச்சல் ஏறும். சார்ஜரைப் பிடுங்கிப் பாருங்கள், நின்றால் அதுதான்.

ஹாஸ்டல் மாணவன்

எல்லாவற்றையும் படித்தேன், என் கேஸ் எதிலும் அடங்கவில்லை. காலேஜ் ஹாஸ்டல் வைஃபையில் கேம் ஓடுகிறது, எழுதி அனுப்பும் சாட்டும் போகிறது. டிஸ்கார்டில் வாய்ஸ் மட்டும் சேரவே மாட்டேன் என்கிறது, "நோ ரூட்" என்று வருகிறது. ரெக்கார்டரில் குரல் நன்றாகப் பதிவாகிறது, டெஸ்க்டாப் சுவிட்சும் ஆனில்தான் இருக்கிறது.

அஸ்தம்பட்டி ஆட்டக்காரன்

தம்பி, உங்கள் மைக்கில் கோளாறு இல்லை, ஹெட்செட்டுக்குக் காசு போடாதீர்கள். நெட்டில் டேட்டா போக டிசிபி, யூடிபி என்று இரண்டு முறை உண்டு; எழுத்து டிசிபி வழியாகப் போகிறது, குரல் யூடிபி வழியாகப் போகிறது. ஹாஸ்டல் நெட்டின் காவலாளியான ஃபயர்வால் டிஸ்கார்டின் யூடிபியை அடைத்திருக்க வாய்ப்பு அதிகம். விபிஎன் போட்டிருந்தால் முதலில் அதை அணையுங்கள், யூடிபியைக் கொண்டு போகாத விபிஎன்னாக இருந்தாலும் இதே செய்திதான் வரும். அப்புறம் மொபைல் ஹாட்ஸ்பாட்டில் ஒரு தடவை சேர்ந்து பாருங்கள். அங்கே சேர்ந்தால் வைஃபை பார்த்துக்கொள்கிறவரிடம் "யூடிபி அடைபட்டிருக்கிறது, மொபைல் நெட்டில் போகிறது" என்று அதே வார்த்தையில் சொல்லுங்கள். வெறுமனே "வாய்ஸ் வரலை சார்" என்றால் அவரும் ஹெட்செட்டைத்தான் மாற்றச் சொல்வார்.

ஹாஸ்டல் மாணவன்

விபிஎன் எதுவும் இல்லை அண்ணா. ஹாட்ஸ்பாட்டில் உடனே சேர்ந்துவிட்டது. நாளைக்குக் காலையில் லேபில் சாரைப் பார்த்துச் சொல்கிறேன். அவர் விடமாட்டேன் என்றால், ராத்திரி ஆட்டத்துக்கு மட்டும் ஹாட்ஸ்பாட் போட்டால் டேட்டா ரொம்ப இழுக்குமா?

நாகலூர் காபித் தோட்டம்

குரலுக்கு நொடிக்கு 64 கிலோபிட் என்று வைத்துக்கொண்டாலும், ஒருவர் மணிக்கணக்கில் விடாமல் பேசினால்கூட மணிக்கு 30 எம்பிக்குள்தான் வரும். பயப்படாமல் போடுங்கள் தம்பி. கேம் அப்டேட்டை மட்டும் ஹாஸ்டல் வைஃபையில் இறக்கிக்கொள்ளுங்கள்.