ஜீவனாம்ச நிலுவையும் ஓராண்டுக் கெடுவும்: பார்த்ததைச் சொல்லுங்கள்

கோர்ட்டு வராந்தா
பிள்ளைக்கு மாதம் 6,000 ரூபாய் என்று உத்தரவு. தகப்பன் 20 மாதமாகச் சல்லிக்காசு கட்டவில்லை. தாய் 1,20,000க்கு நிலுவை மனு போட்டார். நீதிபதி தேதிகளைப் பார்த்து, முதல் எட்டு மாதத்தைக் கழித்துவிட்டு 72,000க்கு மட்டும் வசூல் வாரண்ட் போட்டார். காரணம் தெரிந்ததுதான், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125(3) பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144(3). தொகை கட்ட வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு வர வேண்டும். ஒவ்வொரு மாதத்துக்கும் கெடு தனி. வெளியே வந்ததும் அந்தம்மா வக்கீலிடம், "அந்த எட்டு மாசமும் புள்ள சாப்பிட்டுச்சே சார்?" என்றார். வக்கீல் கேஸ் கட்டை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டினாரே ஒழிய, வாய் திறக்கவில்லை.

மனு எழுதுபவர்
வாய் திறந்திருக்க வேண்டும். நீங்களும் பாதியில் விட்டுவிட்டீர்கள். படிக்கிறவர்கள் 48,000 போயே போச்சு என்று நினைப்பார்கள். ஓராண்டு வரம்பு அந்த வாரண்டுக்குத்தான், கடனுக்கு இல்லை. தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 2013இல் உச்ச நீதிமன்றமே சொன்னது: உரிமை அழியாது, சிவில் வழியில் வசூலிக்கலாம். இன்னொன்று, 2005 தீர்ப்பு. கெடுவுக்குள் போட்ட மனு விசாரணையில் இருக்கும்போது சேர்கிற மாதங்களை அதே வழக்கில் துணை மனுவாகக் கேட்டால் போதும், ஒவ்வொரு முறையும் புதிதாக ஆரம்பிக்க வேண்டாம்.

சேலம் மெய்யப்பன்
ஜீவனாம்சம் கட்டாமல் சிறைக்குப் போய் வந்த ஒரு தகப்பன் நீதிபதி முன்னாலேயே, "ஒரு மாசம் உள்ள இருந்தாச்சுங்கய்யா, கணக்கு நேராயிடுச்சு" என்றார். நீதிபதி பேனாவைக் கீழே வைத்து, "பணம் எங்கே?" என்று மட்டும் கேட்டார். சிறை என்பது கட்ட வைக்கும் வழி, கட்டியதாகக் கணக்கு இல்லை. 1988இலேயே உச்ச நீதிமன்றம் தீர்த்த விஷயம். இன்னமும் வெளியில் தப்பாகச் சொல்லிக்கொடுக்கிறார்கள்.

தாமரை
நிலுவை பிறகு. முதல் மனுவிலேயே கோட்டை விடுவதைத்தான் அதிகம் பார்க்கிறேன். தாய்க்கும் பிள்ளைக்கும் சேர்த்து ஒரே தொகை கேட்காதீர்கள். பிள்ளையை இரண்டாம் மனுதாரராகப் போட்டு, தாயைக் காப்பாளராகக் காட்டி, தொகையைத் தனியாக எழுதுங்கள். தாய் சம்பாதிக்கிறார் என்று அவர் கோரிக்கை தள்ளுபடியானாலும் பிள்ளையின் கோரிக்கை நிற்கும். உச்ச நீதிமன்றத்தின் 2020 நவம்பர் 4 தீர்ப்புப்படி இரு தரப்பும் சொத்து, கடன், வருமான விவர அஃபிடவிட் தாக்கல் செய்ய வேண்டும். எதிர்மனுதாரருக்கு அதிகபட்சம் நான்கு வாரம். அவர் வருமானத்தைக் குறைத்துக் காட்டுவார், அதனால் சம்பளச் சீட்டு, வருமான வரிப் படிவம், வங்கிக் கணக்கு, கடன் தவணை விவரம் எதெல்லாம் கைக்கு எட்டுகிறதோ சேர்த்துவிடுங்கள். மாதம் 15,000 தவணை கட்டுகிறவர் சம்பளம் 12,000 என்றால் குறுக்கு விசாரணையில் தாங்காது. ஜீவனாம்சம் மனுத் தேதியிலிருந்து கணக்காகும், ஆகவே சமரசம் பேசிக்கொண்டே மனுவைத் தள்ளிப்போடாதீர்கள். தொகையைக் கையில் வாங்கவே வேண்டாம், வங்கிக் கணக்கில் வரட்டும். செலவு ஏறினால் தொகை தானாக ஏறாது, அதே சன்ஹிதாவின் 146ஆம் பிரிவின் கீழ் மாற்றக் கேட்க வேண்டும். எல்லாம் 18 வயது வரைக்கும்தான்.

கோர்ட்டு வராந்தா
கடைசி வரி தவறு, தாமரை. உடல் அல்லது மனக் குறைபாட்டால் தன்னைப் பார்த்துக்கொள்ள முடியாத பிள்ளைக்கு 18க்குப் பிறகும் 144 பொருந்தும், மணமான மகளுக்கு மட்டும் இல்லை. இந்துக் குடும்பத்தில் மணமாகாத, சொந்த வருமானமில்லாத மகள் 1956ஆம் ஆண்டு இந்து தத்தெடுப்பு, ஜீவனாம்சச் சட்டத்தின் 20ஆம் பிரிவில் கேட்கலாம். அதற்குத் தனி மனு வேண்டும் என்று 2020இல் தீர்ப்பும் இருக்கிறது. பழைய உத்தரவு தானாக நீளும் என்று காத்திருக்காமல், மகளுக்கு 18 முடிகிற மாதத்துக்கு முன்பே அந்தத் தனி மனுவைத் தயார் செய்துவிட வேண்டும்.